ஹெர்மயனியின் கழுத்துச் சங்கிலி

நமது ஞாயிற்றுக்கிழமைத் தமிழ் வகுப்பில் குழந்தைகளை ஒரு கட்டுரை எழுதச் சொன்னேன். தலைப்பு, "எனக்கு ஒரு வரம் கிடைத்தால்". சைக்கிள், நாய்க்குட்டி, ஊரிலிருக்கும் பாட்டி தில்லிக்கே வந்துவிடுவது என்று வழக்கமான வரங்கள்தான் வந்தன. எட்டாம் வகுப்புப் படிக்கும் ஒரு பெண் மட்டும், "எனக்கு டைம் டர்னர் வேண்டும்" என்று ஒரே வரியில் முடித்திருந்தாள். அது என்னம்மா என்றேன். "ஹாரி பாட்டர் படிச்சதே இல்லையா மாமா?" வகுப்பே சிரித்தது. மறுவாரம் அவளே புத்தகத்தைக் கொண்டுவந்து கொடுத்தாள். அறுபதைத் தாண்டிய பிறகு நானும் மந்திரவாதிகள் பள்ளியில் சேர்ந்தேன்.

ஜே. கே. ரௌலிங் எழுதிய ஏழு நாவல்களில் இது மூன்றாவது, 1999-இல் வெளிவந்தது. ஹாக்வர்ட்ஸ் என்னும் அந்தப் பள்ளியில் மூன்றாம் ஆண்டு படிக்கும் ஹெர்மயனிக்கு, இருக்கிற பாடங்கள் அத்தனையையும் படித்துவிட வேண்டும் என்று ஆசை. காலை ஒன்பது மணிக்கே மூன்று வகுப்புகள் ஒன்றோடொன்று மோதுகின்றன. ஆசிரியை மெக்கோனகல் மந்திர அமைச்சகத்துக்குக் கடிதம் மேல் கடிதம் எழுதி அவளுக்கு ஒரு பொருளை வாங்கித் தருகிறார். (அமைச்சகத்துக்கு எழுதிக் காரியம் சாதிப்பது என்றதும் தில்லிக்காரனான எனக்குக் கதை சட்டென்று பிடித்துப் போயிற்று.) மெல்லிய தங்கச் சங்கிலியில் தொங்கும் ஒரு குட்டி மணல் கடிகாரம். மூன்று முறை திருப்பினால் மூன்று மணி நேரம் பின்னால் போகலாம். படிப்புக்குத் தவிர வேறெதற்கும் தொடுவதில்லை என்று வாக்குக் கொடுக்க வேண்டும். போன இடத்தில் யார் கண்ணிலும் படக்கூடாது.

நம் பாகவதத்தில் ரேவதியின் தகப்பனார் பிரம்மலோகத்தில் சற்று நேரம் காத்திருந்துவிட்டு வருவதற்குள் இங்கே 27 சதுர்யுகங்கள் ஓடிவிடுகின்றன. அவருக்குக் காலம் கைநழுவிப் போயிற்று. இந்தப் பெண்ணுக்கோ கூடுதலாகவே கிடைக்கிறது. ஆனாலும் பாவம், கடிகாரம் மணியைத்தான் கூட்டித் தருகிறது, உடம்பை அல்ல. ஒருநாள் புத்தகத்தின்மேல் தலைவைத்துத் தூங்கிப்போய் ஒரு வகுப்பையே தவறவிடுகிறாள். அன்றே ஜோசிய வகுப்பிலிருந்து கோபமாக எழுந்து வெளியேறுகிறாள். ஆண்டு முடிவில் ஒரு பாடத்தை விட்டுவிட்டு, கடிகாரத்தையும் திருப்பிக் கொடுத்துவிடுகிறாள்.

இது இருக்கட்டும். என்னை உட்கார வைத்துப் படிக்கச் செய்தது கடைசிப் பகுதிதான். பக்பீக் என்று ஒரு பிராணி, பாதி கழுகு, பாதி குதிரை. அதற்கு மரண தண்டனை. அதை வளர்த்த ஹாக்ரிடின் குடிசையை விட்டு நண்பர்கள் மூவரும் வரும்போது, பின்னால் கோடரி இறங்கும் சத்தம் கேட்கிறது. அடுத்து ஹாக்ரிடின் ஓலம். பக்பீக் போய்விட்டது என்று அவர்களும் நம்புகிறார்கள், நாமும் நம்புகிறோம். அன்று நள்ளிரவு நெருங்கும்போது தலைமையாசிரியர் டம்பிள்டோர், மூன்று திருப்பு திருப்பினால் போதும் என்று சாடையாகச் சொல்லிவிட்டுப் போகிறார். ஹாரியும் ஹெர்மயனியும் பின்னோக்கிப் போய் பக்பீக்கை அவிழ்த்து மரங்களுக்குள் கொண்டுபோகிறார்கள். மறுபடி அதே கோடரிச் சத்தம். தண்டனை நிறைவேற்ற வந்தவன், பிராணியைக் காணாத ஆத்திரத்தில் கோடரியை வேலியில் வீசியிருக்கிறான்! ஹாக்ரிட் ஓலமிட்டதும் சந்தோஷத்தில்தான். ஆக, அந்த இரவில் நடந்தது எதுவும் மாறவில்லை. பக்பீக் முதலிலும் சாகவில்லை.

ஏரிக்கரையிலும் அப்படியே. உயிரை உறிஞ்ச வந்த டிமென்டர்களை எதிர்க்கரையிலிருந்து ஒருவர் வெள்ளி மான் ஒன்றை ஏவித் துரத்தினாரே, அவர் இறந்துபோன தன் அப்பாதான் என்று ஹாரி நம்புகிறான். இரண்டாம் முறை அவரைப் பார்க்கவே புதரில் காத்திருக்கிறான். யாரும் வரவில்லை. தான் பார்த்தது தன்னைத்தான் என்று அப்போது புரிகிறது. தானே மந்திரக்கோலை எடுக்கிறான்.

இங்கே புத்தகத்தை மூடி வைத்துவிட்டேன். 1986-இல் எனக்குத் தந்தி வந்தது: "அப்பா சீரியஸ், உடனே புறப்படு." ஜி.டி. எக்ஸ்பிரசில் இரண்டு இரவு, பிறகு கும்பகோணத்துக்குப் பஸ். போய்ச் சேர்ந்தபோது எல்லாம் முடிந்திருந்தது. என்னை எதிர்பார்த்து வாசலையே பார்த்தபடி கிடந்திருப்பார் என்று நானாகவே நினைத்துக்கொண்டேன். யாரையும் கேட்கத் துணிவில்லை. பல வருஷம் கழித்து அக்கா பேச்சுவாக்கில் சொன்னாள். அன்று மத்தியானம் ரசஞ்சாதம் சாப்பிட்டிருக்கிறார். "தந்தி கிந்தி அடிச்சு அவனைப் பதற வைக்காதீங்க, தீபாவளிக்கு வரத்தானே போறான்" என்று சொல்லிப் படுத்தவர் தூக்கத்திலேயே போய்விட்டார். தந்தி அடித்ததே அதற்குப் பிறகுதான். போய்விட்டார் என்று தந்தியில் யார் எழுதுவார்கள்? வாசலைப் பார்த்துக் கிடந்த அப்பா என்று ஒருவர் இருந்ததே இல்லை.

பிற்பாடு ரௌலிங்கே 2003-இல் வந்த ஐந்தாம் நாவலில் அமைச்சகத்துக் கடிகாரங்களையெல்லாம் உடைத்துவிட்டார். நல்ல காரியம். ஆனால் 2016-இல் லண்டனில் அரங்கேறிய நாடகத்தில் ஒன்று மறுபடி முளைக்கிறது. அதில் ஹாரியின் மகன் இறந்த ஒருவனைக் காப்பாற்றப் போய்ப் போய் நிகழ்காலத்தையே கவிழ்க்கிறான். கதை உரு மரத்தடி பூதம்போல் வளர்ந்துவிட்டது. எனக்கு அந்த வேலியும் கோடரியும் போதும்.

புத்தகத்தைத் திருப்பிக் கொடுத்தபோது அந்தப் பெண்ணைக் கேட்டேன், "டைம் டர்னர் கிடைத்தால் நீ என்னம்மா செய்வாய்?" பள்ளி, டியூஷன், கீபோர்டு, ஞாயிறானால் எங்கள் வகுப்பு என்று ஓடுகிற குழந்தை. ஏதாவது பெரிதாகச் சொல்வாள் என்று பார்த்தேன்.

"தூங்குவேன் மாமா."

அன்று வகுப்பைக் கால்மணி முன்னதாகவே முடித்துவிட்டேன்.