முன்கூட்டி வந்த மணப்பரிசும் நன்றி மடலும்

அமெரிக்காவில் மணப்பரிசுகள் திருமண நாளுக்கு முன்னரே மணமகளின் இல்லத்துக்கு அனுப்பப்படும் வழக்கம் நிலவியமையால், அவற்றுக்கு எப்போது, எவ்வாறு நன்றி கூறுவது என்பது அந்நாட்டின் உபசார நூல்களில், அதாவது சமூகப் பழக்க நெறிகளைத் தொகுத்துரைக்கும் நூல்களில், தனி இடம் பெற்றது. 1922-இல் எமிலி போஸ்ட் வெளியிட்ட ‘எட்டிக்கெட்’ என்னும் நூல், பரிசு வந்து சேர்ந்தவுடன் மணமகள் தன் கைப்பட நன்றி மடல் எழுத வேண்டும் என்றும், வந்த பொருள், அனுப்பியவரின் பெயர், முகவரி, வந்த நாள், நன்றி தெரிவித்த நாள் ஆகியவற்றை ஒரு பதிவேட்டில் குறித்துவைக்க வேண்டும் என்றும் அறிவுறுத்தியது. மணநாளுக்கு முன் எழுதும் மடலில் மணமகள் தன் பிறந்த வீட்டுப் பெயரையே இடுவது மரபு. திருமணம் நின்றுபோனால் பொருளைத் திருப்பியனுப்புவதே முறை என்பதால், அதுவரை அதனைப் பயன்படுத்தாமல் வைத்திருப்பதும் இந்நெறியைச் சார்ந்ததே. நன்றி கூற ஓராண்டு அவகாசம் உண்டு என்னும் பரவலான நம்பிக்கை பிழையானது. தொலைவிலிருந்து அன்புடன் அனுப்பியவர், பொருள் சேர்ந்ததா என்பதையே அறியாது கவலையுறுவார். ஆதலின், முன்கூட்டி வந்த பரிசுக்கு, மணநாள் வரை காத்திராமல் உடனே நன்றி எழுதுவதே சிறந்த பண்பாகும்.