வாசற்கோலமும் கணிப்பொறியும்

ஓவியம் என்ற அளவில் சுவரும் சீலையுமே நம் நினைவிற்கு வருகின்றன. குற்றாலத்துச் சித்திரசபையின் சுவரோவியங்களைக் காண வெளியூரார் பலர் வந்து செல்கின்றனர். ஆயின், நெல்லையினின்று குற்றாலஞ் செல்லும் நெடுவழியில் உள்ள ஆலங்குளத்தின் தெருக்களில், வைகறைதோறும் எழுதப்பெற்று உச்சிப்பொழுதிற்குள் மிதிபட்டு மறையும் ஓவியங்களை நின்று காண்பார் அரியர். அவற்றை எழுதியவர் யார் என வினவுவார் அவரினும் அரியர். பகலெல்லாம் மடியிற் சுளகை வைத்துப் பீடி சுற்றும் கையே விடியலில் வாசல் தெளித்துக் கோலமும் இடுகின்றது. பீடிக்குக் கூலி உண்டு. கோலத்திற்குக் கூலியும் இல்லை, புகழும் இல்லை. இத்தெருவோவியத்திற்கும் இக்காலத்துக் கணிப்பொறிக்கும் உள்ள உறவு யாது என்பதனை ஈண்டுச் சிறிது ஆராய்வாம்.

கோலங்களுள் நுட்பம் மிக்கது சிக்குக்கோலம். முதலிற் புள்ளிகள் வைக்கப்படும். பின்னர், அப்புள்ளிகளைத் தொடாது அவற்றைச் சூழ்ந்து வளைந்து செல்லும் இழை, தான் தொடங்கிய இடத்தையே வந்து சேரும். ஒரு புள்ளியும் சூழப்படாது விடுபடலாகாது. இழை யாண்டும் அறுந்து நிற்றலும் ஆகாது. புள்ளி வைப்பிலும் கணக்கு உண்டு. 1, 3, 5, 3, 1 என நிரையாக வைப்பின் 13 புள்ளிகளாம். 7 வரை ஏற்றி இறக்கின் 25. 9 வரை ஏற்றி இறக்கின் 41. இவற்றுள் 13 என்பது 2, 3 என்னும் எண்களின் வர்க்கங்களைக் கூட்டிய தொகை. 25 என்பது 3, 4 என்பவற்றின் வர்க்கத்தொகை. 41 என்பது 4, 5 என்பவற்றின் வர்க்கத்தொகை. இக்கணக்கை ஏட்டில் எழுதிப் பாராத நம் பாட்டியர், 5 புள்ளிக் கோலத்தை 9 புள்ளிக்கு விரித்தெழுதுங்கால் ஒரு புள்ளியும் தவறார். சிறியதனைப் பெரிதாக்கும் விதியொன்று அவர்தம் கையில் உளது என்பது இதனாற் போதரும்.

அவ்விதியை ஆராய்ந்து உலகறியச் செய்த பெருமை, நம்மைப் போன்றதொரு மிஷன் கல்லூரிக்கு உரியது. தாம்பரத்துச் சென்னைக் கிறித்தவக் கல்லூரியிற் புள்ளியியற் பேராசிரியராக விளங்கியவர் கிஃப்ட் சிரோமணி (1932-1988). புள்ளியியல் வல்லார் புள்ளிக்கோலத்துட் புகுந்தது பொருத்தமே! மொழியறிஞர் நோம் சாம்ஸ்கி, சில விதிகளை மீண்டும் மீண்டும் செலுத்தி எண்ணிறந்த வாக்கியங்களைப் பிறப்பிக்கலாம் என 1950-களிற் காட்டியிருந்தார். அவை குறிகளை ஒரே வரியில் நிறுத்தும் விதிகள். அவற்றை நீளமும் அகலமும் உடைய பரப்பிற்கு விரித்து, கோலத்திற்கு இலக்கணம் வகுத்து, 1974-இல் ஓர் ஆராய்ச்சிக் கட்டுரை வெளியிட்டனர் கிஃப்ட் சிரோமணியும், அவர்தம் துணைவியாராகிய பேராசிரியர் இராணி சிரோமணியும், கமலா கிருத்திவாசனும். அதனை நாம் அணியிலக்கணம் எனலாம். ஈண்டு அணி என்பது உவமை, உருவகம் முதலியன அன்று. நிரைநிரையாக நிறுத்திய குறிகளின் பரப்பு என்க. இலக்கியம் முந்தியது, இலக்கணம் பிந்தியது என்று வகுப்பிற் கேட்ட பாடம் வாசற்படியிலும் மெய்யாயிற்று.

பின்னர்க் கம்பிக்கோலத்தை ஆராயப் புகுந்த சிரோமணியார் குழுவினர், முடிந்த உருவத்தோடு அமையாது கை செல்லும் நெறியையும் நோக்கினர். நேரே செல்லுதல், வளைதல், புள்ளியைச் சுற்றி மீளுதல் என்னும் அசைவுகளுக்குத் தனித்தனிக் குறி அமைப்பின், கோலம் முழுதும் ஒரு குறித்தொடராகிவிடும். அத்தொடரைப் பெற்ற கணிப்பொறி கோலத்தை வரையும். செடிகொடிகளின் வளர்ச்சியை விளக்க 1968-இல் லிண்டன்மேயர் என்னும் உயிரியல் அறிஞர் வகுத்த விதிகளும் கோலத்திற்குப் பொருந்துவன என்பதைப் பிற்கால ஆய்வுகள் காட்டின. சிரோமணியார் கோலத்தோடு நின்றாரல்லர். அச்சிட்ட தமிழ் எழுத்துக்களைக் கணிப்பொறி அறியும் வழியையும், பழந்தமிழ்க் கல்வெட்டெழுத்துக்களையும் ஆராய்ந்தார். கற்றவர் எழுத்தும் கல்லாதார் கோலமும் அவர்க்கு ஒப்ப மதிக்கத்தக்கனவாயின.

இவ்வுறவு அறிஞர் ஏட்டளவில் நின்றுவிடவில்லை. 2021 ஜனவரியில், அமெரிக்கத் தலைவரின் பதவியேற்பை ஒட்டி, அந்நாட்டில் வாழும் ஓவியர் சாந்தி சந்திரசேகரும் பிறரும் ஒரு பெருங்கோலத்திற்கு முயன்றனர். ஆயிரத்திற்கும் மேற்பட்டோர் தத்தம் இல்லத்திலிருந்தே சிறு சிறு கோலங்களை எழுதி அனுப்பினர். அவை கணிப்பொறியால் இணைக்கப்பட்டு, வரவேற்புக் காணொளியாக வெளிவந்தன. ஒரு தெருவின் வாசலில் எழுதுவது உலகத்தின் வாசலிலும் எழுதப்பட்டது.

ஆயின், கருவிகள் யாவும் ஒரு தன்மையன அல்ல. அச்சிட்ட ஸ்டிக்கர் கோலமும், உருட்டினால் விழும் உருளைக்கோலமும் கருவி நுட்பத்தின் விளைவுகளே. அவை கையின் வேலையைக் குறைக்கின்றன; உடன் கையின் அறிவையும் குறைக்கின்றன. விடியுமுன் எழுந்து உழைப்பார் அவற்றை நாடுதல் குற்றமன்று. எனினும், ஒட்டிய கோலத்தை 5-இலிருந்து 9-க்கு விரித்தல் இயலாது. அதனுள் விதி இல்லை, வடிவமே உண்டு. கையினின்று கற்க வந்த கருவியும் கையை விலக்க வந்த கருவியும் வேறு வேறு என்று நாம் பகுத்தறிதல் வேண்டும்.

கோலம் பிற சமயத்தார்க்கே உரியது என விலகுவாரும் நம்மிடை உளர். கிறிஸ்து பிறப்பு நாளில் வாசலில் விண்மீன் எழுதுவாரும் உளர். கிறித்தவப் பேராசிரியர் ஒருவர் அயலார் முற்றத்து மாக்கோட்டில் இறைவன் மாந்தர்க்கு அருளிய அறிவையே கண்டார் எனின், நாம் அதனைப் புறக்கணித்தல் தகுமோ?

ஆதலின், மாணவ நண்பர்காள்! விடுமுறைக்கு ஊர் செல்லுங்கால் ஒரு குறிப்பேடு கொண்டு செல்க. அன்னையரும் பாட்டியரும் இடும் கோலங்களைப் புள்ளிக் கணக்கோடும், கை சென்ற முறையோடும் வரைந்து வைக்க. அதன் அடியில், எழுதிய அம்மையின் பெயரையும் மறவாது பொறிக்க.