அவர்கள் கதையை அவர்களே சொல்லட்டும்

ஆப்பிரிக்கா என்றதும் உங்களுக்கு என்ன ஞாபகம் வருகிறது? சிங்கம், காடு, ஜீப்பில் போகும் வெள்ளைக்கார துரையும் துரைசானியும், அவ்வளவுதானே? சினிமாவில் நமக்குக் காட்டியதே அதைத்தான். 1985-ல் வந்த 'அவுட் ஆஃப் ஆப்ரிக்கா'வை கென்யாவிலேயே எடுத்தார்கள். கண்ணுக்கு அழகான படம்தான். ஆனால் அந்த மண்ணின் ஜனங்கள் பெரும்பாலும் வேலைக்காரர்களாகவே வந்து போகிறார்கள்.

போன மாதம் என் பெண் வேறொரு கென்யா படம் போட்டுக் காட்டினாள். 'சூப்பா மோடோ', 2018-ல் வந்தது. ஜோ என்ற ஒன்பது வயதுக் குழந்தைக்குத் தீராத வியாதி. அம்மா ஆஸ்பத்திரியிலிருந்து கிராமத்துக்கு அழைத்து வந்துவிடுகிறாள். ஓடாதே, ஆடாதே, பேசாமல் படுத்திரு என்கிறாள். பெற்ற வயிறு, வேறென்ன சொல்லும்? அக்காக்காரிக்கோ அது பொறுக்கவில்லை. இருக்கிற நாளையாவது தங்கை சந்தோஷமாக ஓடியாடிக் கழிக்கட்டுமே என்று மல்லுக்கு நிற்கிறாள். 'உனக்கு அபூர்வ சக்தி இருக்குடி' என்று ஜோவை நம்ப வைக்கிறாள். அப்புறம் ஊரே அதற்குத் துணை போகிறது! அம்மா சொல்வது சரியா, அக்கா சொல்வது சரியா என்று எனக்கு இன்னும் பிடிபடவில்லை.

இப்படி ஒரு படம் எப்படி வந்தது என்று விசாரித்தால், பின்னால் ஒரு பெண்மணி இருக்கிறார். மாரி ஸ்டைன்மன், ஜெர்மனிக்காரர். கணவர் டாம் டிக்வர் பேர் பெற்ற டைரக்டர். இருவரும் 2008-ல் கென்யாவில் வேலையைத் தொடங்கினார்கள். நைரோபியின் கிபேரா குடிசைப் பகுதிக் குழந்தைகளுக்கு ஆட்டம், பாட்டு, ஓவியம் சொல்லிக் கொடுப்பதில் ஆரம்பித்து, சினிமாப் பயிற்சிக்கு வந்தார்கள். அந்தக் கிபேராவிலேயே எடுத்த 'சோல் பாய்' 2010-ல் வந்தது. டைரக்டர் ஹவா எசுமன் என்ற பெண். கதை எழுதியவர் பில்லி கஹோரா. அடுத்து 2012-ல் 'நைரோபி ஹாஃப் லைஃப்'. வெளிநாட்டுப் படங்களுக்கான ஆஸ்கார் போட்டிக்கு கென்யா முதன்முதலாக அனுப்பியது அதைத்தான்.

பணம் போடுகிறவர்கள்தானே பாட்டையும் சண்டையையும் தீர்மானிப்பார்கள் என்று என் வீட்டுக்காரர் கேட்டார். நியாயமான சந்தேகம். ஆனால் இந்தப் படங்களில் கதையும் டைரக்ஷனும் அந்த ஊர்க்காரர்கள் கையில். ஜெர்மனியிலிருந்து வந்த அனுபவசாலிகள் பக்கத்தில் நின்று தொழிலைக் கற்றுக் கொடுத்தார்கள். 'சூப்பா மோடோ'வின் டைரக்டர் லிகாரியன் வைனைனாவும் கென்யாக்காரர்தான்.

பாஷையிலும் கை வைக்கவில்லை. வெளிநாட்டில் ஓட வேண்டுமே என்று எல்லாரையும் இங்கிலீஷ் பேச வைத்திருக்கலாம். செய்யவில்லை. ஸ்வாஹிலியும் கிக்கூயுவும் இங்கிலீஷும் கலந்து, அங்கே வீட்டில் எப்படிப் பேசுவார்களோ அப்படியே பேசுகிறார்கள்.

என் மாமியாருக்குக் கீழே ஓடிய இங்கிலீஷ் எழுத்தைப் படிக்கத் தெரியாது. 'நான் சொல்லட்டுமா அம்மா?' என்று கேட்டேன். "சும்மா இரு, அந்தப் பெத்தவ மொகத்தப் பாத்தாலே தெரியுது" என்று சொல்லிவிட்டார்.