முழங்கால் வீக்கத்துக்கு ஆறு எழுத்தில் ஒரு குறியீடு

வயிற்றுப்போக்கு வந்து சரியாகி இரண்டு வாரம் ஆன பிறகு முழங்கால் வீங்கினால், இரண்டுக்கும் தொடர்பு இருக்கும் என்று யாருக்கும் தோன்றாது. சால்மோனெல்லா, ஷிகெல்லா, கேம்பிலோபாக்டர், யெர்சினியா போன்ற குடல் கிருமிகளும், சிறுநீர்ப் பாதையைத் தாக்கும் கிளமிடியாவும் போன பின்னால் இப்படி மூட்டு வீங்குவது உண்டு. பெரும்பாலும் ஒன்று முதல் நான்கு வாரத்துக்குள் தொடங்கும். முழங்காலும் கணுக்காலும்தான் அதிகம் பாதிக்கப்படும். சிலருக்குக் கண் சிவக்கும், சிறுநீர் எரியும். எச்எல்ஏ-பி27 என்ற மரபணுக் கூறு உள்ளவர்களுக்கு இதற்கான வாய்ப்பு கூடுதல். இதுதான் ரியாக்டிவ் ஆர்த்ரைட்டிஸ். பலருக்குச் சில மாதங்களில் அடங்கிவிடுகிறது.

இந்த நோயை அமெரிக்க மருத்துவமனைகள் ஐசிடி-10-சிஎம் என்ற பட்டியலின்படி குறியீடாக எழுதுகின்றன. 2015 அக்டோபர் 1 முதல் அங்கே இதுதான் நடைமுறை. சென்னையிலும் கோவையிலும் திருச்சியிலும் ஆயிரக்கணக்கான மெடிக்கல் கோடர்கள் நாள் முழுக்கப் பார்ப்பது அந்த நாட்டு நோயாளிகளின் சார்ட்டுகளைத்தான். அவர்களுக்குப் பழகிய ஒரு குறியீட்டைப் பிரித்துப் பார்ப்போம்: எம்02.361. எம் என்பது எலும்பு, மூட்டு, தசை நோய்களின் அத்தியாயம். 02 என்றால் வேறிடத்துத் தொற்றைத் தொடர்ந்து வந்த மூட்டு நோய். 3 என்பது அதில் எந்த வகை என்று சொல்கிறது. 6 முழங்கால், இடுப்பு மூட்டாக இருந்தால் 5, கணுக்கால், பாதம் என்றால் 7. கடைசி 1 வலது பக்கம், 2 இடது. எந்தப் பக்கம் என்று மருத்துவர் எழுதாமல் விட்டால் 9. ஒரே சமயத்தில் பல மூட்டுகள் வீங்கியிருந்தால் எம்02.39, அதற்குப் பக்கம் கிடையாது, ஐந்து எழுத்தோடு முடிந்துவிடும். உலக சுகாதார நிறுவனத்தின் மூல ஐசிடி-10 பட்டியலில் இந்த வலது இடதுப் பிரிப்பே இல்லை. அது அமெரிக்கா சேர்த்துக்கொண்டது.

கோடர் தவறவிடக் கூடாத இடம் எம்00-க்கும் எம்02-க்கும் நடுவே இருக்கிறது. எம்00 என்றால் சீழ்க் கிருமி மூட்டுக்குள்ளேயே புகுந்துவிட்டது என்று பொருள். அது அவசர நிலை. நீரை உறிஞ்சி எடுத்து உடனே மருந்து தராவிட்டால் குருத்தெலும்பு வேகமாகச் சிதையும். எம்02-வில் தொற்று உடலில் வேறெங்கோ இருந்தது உறுதி, ஆனால் மூட்டுக்குள் கிருமி இல்லை. உடலின் எதிர்ப்புச் சக்தி கிளப்பிவிட்ட அழற்சி அது. சால்மோனெல்லா மூட்டுக்குள்ளேயே இருந்தால் குறியீடு ஏ02.23 என்று தொற்றுநோய் அத்தியாயத்துக்கே போய்விடும். ஒரே கிருமி, ஒரே முழங்கால், ஆனாலும் இரண்டு வேறு நோய்கள். இதைத் தீர்மானிப்பது மூட்டு நீர்ப் பரிசோதனையும் மருத்துவரின் முடிவும்தான். கோடர் ஊகித்து எழுதக் கூடாது.

சீதபேதிக்குப் பின் வந்தது என்று மருத்துவர் எழுதியிருந்தால் எம்02.1, தடுப்பூசிக்குப் பின் என்றால் எம்02.2 என்று தனிப் பிரிவுகள் உள்ளன. மூட்டு வீக்கத்துக்குக் காரணமான அடிப்படை நோய் ஒன்று குறிப்பிடப்பட்டிருந்தால் அதை முதலில் எழுதி, மூட்டை அடுத்து எழுத வேண்டும் என்பது பட்டியலே தரும் கட்டளை.

புறநோயாளிப் பிரிவுக்கு இன்னொரு விதி உண்டு. “ரியாக்டிவ் ஆர்த்ரைட்டிஸாக இருக்கலாம்” என்று மருத்துவர் எழுதியிருந்தால் எம்02 போடக் கூடாது. தெரிந்த அளவுக்கு மட்டும், வலது முழங்கால் வலி எம்25.561, நீர் கோத்திருந்தால் எம்25.461 என்று எழுத வேண்டும். இது நல்ல விதி என்பது என் கருத்து. சந்தேகமாக எழுதப்பட்ட ஒரு வரி, நோயாளியின் கோப்பில் உறுதியான நோயாக ஆண்டுக்கணக்கில் தங்கிவிடுவதை அது தடுக்கிறது.

ரியாக்டிவ் ஆர்த்ரைட்டிஸுக்கான எம்02.3-இன் தலைப்பில் இன்னும் ரைட்டர் நோய் என்ற பழைய பெயரே இருக்கிறது. ஹான்ஸ் ரைட்டர் 1916-இல் ஒரு ஜெர்மன் ராணுவ அதிகாரியிடம் இந்த நோயைக் கண்டு எழுதியவர். பின்னாளில் நாஜி அரசின் உயர் சுகாதார அதிகாரியானார். புக்கன்வால்ட் முகாம் கைதிகள் மீது நடந்த டைஃபஸ் தடுப்பூசிப் பரிசோதனையோடும் அவருக்குத் தொடர்பு இருந்தது. அமெரிக்காவில் 1942-இல் இந்த நோய்க்கு அவர் பெயரைச் சூட்டியவர்களில் ஒருவரான எஃப்ரைம் எங்கிள்மனே பின்னர் அந்தப் பெயரை விலக்கச் சொன்னார். மருத்துவர்கள் ஏறத்தாழக் கைவிட்டுவிட்டார்கள், குறியீட்டுப் பட்டியல் கைவிடவில்லை. அதையும் மாற்ற வேண்டும்.

நோயாளிகளுக்கு ஒன்று சொல்ல வேண்டும். பழைய ஐசிடி-9 பட்டியலில் இந்த நோய் 099.3 என்று பால்வினை நோய்களின் வரிசையில் இருந்தது. அதனால் பழைய அறிக்கையைப் பார்த்துக் கலங்கியவர்கள் இருக்கக்கூடும். கெட்டுப்போன உணவால் வந்த வயிற்றுப்போக்கும் இதைக் கொண்டுவரும்; இப்போதைய எம்02.361-இலோ தொற்று எப்படி வந்தது என்ற தகவலே கிடையாது. உங்கள் அறிக்கையில் குறியீட்டின் ஆறாவது எழுத்து 9 ஆக இருந்து, வீங்கியது எந்தக் கால் என்று உங்களுக்குத் தெளிவாகத் தெரிந்தால், மருத்துவரிடம் சொல்லித் திருத்தித் தரக் கேளுங்கள்.