கடற்பஞ்சும் அதன் வாழிடமும்

குளத்துநீர் பாயும் வயலிலும் கிணற்றுநீர் இறைக்கும் தோட்டத்திலும் பாடுபடும் கமக்காரருக்குக் கடலடியில் வாழும் ஓர் உயிரைப்பற்றி ஏன் கூறவேண்டும் எனச் சிலர் வினவலாம். மழைநீர் வயலிலிருந்து அடித்துச் செல்லும் மண்ணில் ஒரு பகுதி ஆற்றின் வழியே கடலைச் சேர்கின்றது. அம்மண்ணால் இடருறும் உயிர்களுள் கடற்பஞ்சும் ஒன்று. ஆதலின் அதனை அறிந்திருத்தல் நன்று.

உடலமைப்பு

கடற்பஞ்சு செடிபோல ஓரிடத்திலே நிலைத்திருப்பதால் அதனைத் தாவரமென்றே பலர் கருதிவந்தனர். 1825 ஆம் ஆண்டளவில் ரொபேட் கிராண்ட் என்னும் ஸ்கொத்லாந்து அறிஞர், அதன் பெருந்துளையிலிருந்து நீர் இடையறாது வெளியேறுவதைக் கண்டு, அது விலங்கே என்று காட்டினார்.

இவ்விலங்குக்கு வாயில்லை, இரைப்பையில்லை, இதயமில்லை, நரம்புமில்லை. உடலெங்கும் நுண்ணிய துளைகள் உள. அவற்றினூடாகப் புகும் நீர், சிறு வாய்க்கால்கள் வழியே சென்று நுண்ணறைகளை அடையும். அவ்வறைகளின் சுவரிலுள்ள கலங்கள் ஒவ்வொன்றும் சவுக்குப்போன்ற ஓர் இழையை உடையன. இவ்விழைகள் ஓயாது அசைந்து நீரை இறைக்கின்றன. நீரிலுள்ள பற்றீரியா முதலிய நுண்ணுணவைக் கலங்கள் பிடித்துக்கொள்ளும். எஞ்சிய நீர் பெருந்துளையால் வெளியேறும். கடற்பஞ்சு தன் உடலின் கனவளவைப் போலப் பல ஆயிரம் மடங்கு நீரை ஒரே நாளில் இறைக்கவல்லது. பல இனங்களின் உடலைச் சிலிக்காவாலான நுண்ணிய ஊசிகள் தாங்கிநிற்கின்றன.

வாழிடம்

வெப்பவலயக் கடல்களின் முருகைக்கற்பார்களிலே கடற்பஞ்சுகள் மிகுதியாக உள. அவற்றுள் மிகப் பெரியனவற்றுள் ஒன்று பீப்பாய்க் கடற்பஞ்சு. இதன் ஓரினம் இந்து சமுத்திரத்திலும் மேற்குப் பசுபிக் சமுத்திரத்திலும், மற்றோரினம் கரிபியன் கடலிலும் வாழ்கின்றன. இது ஒரு மீற்றருக்கு மேலும் உயர்ந்து வளரும். ஆனால் வளர்ச்சி மிக மெதுவானது. கரிபியன் இனத்தில் மிகப் பெரியவை 2,000 ஆண்டுகளுக்கு மேற்பட்ட வயதுடையனவாகலாம் என 2008 இல் வெளியான ஆய்வொன்று கணித்தது.

இலங்கைக் கடலிலும் கடற்பஞ்சுகள் பல உள. 1902 இல் மன்னார் வளைகுடாவின் முத்துப்பார்களை ஆராயவந்த பேராசிரியர் ஹேட்மன் திரட்டியவற்றை, ஆதர் டெண்டி 1905 இல் விவரித்து எழுதினார். முத்துச்சிப்பியின் ஓட்டைத் துளைத்து வாழும் ஓரினமும் அவற்றுள் அடங்கும்.

கடற்பஞ்சின் குடம்பி சிறிது காலம் நீரில் நீந்தித் திரியும். பின்னர் உறுதியான பாறையைப் பற்றிக்கொண்டு, அவ்விடத்திலேயே வளரும்.

எருவாக்கும் தொழில்

முருகைக்கற்பாரைச் சூழ்ந்த நீர் பெரும்பாலும் தெளிந்தது, சத்துக் குறைந்தது. ஆயினும் அங்கே உயிர்கள் செறிந்து வாழ்கின்றன. பசளையிடாத மணல்நிலத்தில் நிறைந்த விளைவைக் காண்பது போன்றது இது. இதற்குரிய காரணங்களுள் ஒன்று கடற்பஞ்சு.

முருகைகளும் பாசிகளும் வெளிவிடும் சத்தில் ஒரு பகுதி நீரிற் கரைந்துவிடும். கரைந்த சத்தைப் பெரும்பாலான விலங்குகள் உண்ணமாட்டா. கடற்பஞ்சோ அதனை உறிஞ்சிப் புதிய கலங்களை ஆக்கிப் பழையவற்றை உதிர்க்கின்றது. உதிர்ந்தவற்றைப் புழு, நண்டு, நத்தை முதலியன உண்ணும்; இவற்றை மீன்கள் உண்ணும். குராசோத் தீவின் கடற்பஞ்சுகளைக்கொண்டு ஒல்லாந்து அறிஞர் செய்த ஆய்வு 2013 இல் இதனை விளக்கிற்று. குப்பையையும் சாணத்தையும் கூட்டெருவாக்கி, வீணாகும் சத்தை மீண்டும் நிலத்துக்கு அளிக்கும் கமக்காரரின் செயலும் இதனை ஒத்ததே.

சேற்றினால் விளையும் கேடு

நீரை இறைத்தே உயிர்வாழும் கடற்பஞ்சுக்குக் கலங்கல்நீர் தீங்கு பயக்கும். நுண்மண் துளைகளை அடைத்தால் இறைப்புக் குறையும். உணவும் ஒட்சிசனும் குறையும். சில இனங்கள் சளியைச் சுரந்து சேற்றை அகற்றுமாயினும், அதற்கும் உடற்சத்துச் செலவாகும். பாறைமேல் மண் படிந்தால் குடம்பி பற்றிக்கொள்ள இடமில்லை. வளர்ந்த கடற்பஞ்சு இடம்பெயர்ந்து தப்பவும் இயலாது.

கமக்காரர் செய்யத்தக்கவை

1. சாய்வான நிலத்தைச் சாய்வுக்குக் குறுக்காக உழுது பாத்தி அமைத்தல் வேண்டும்.

2. மரக்கறித் தோட்டத்தை மாரிகாலத்தில் வெறுமையாக விடாது, வைக்கோலாலும் சருகாலும் மூடுதல் வேண்டும்.

3. வயல் வரம்புகளைப் பழுதின்றி வைத்தல் வேண்டும். சேறடித்தபின், மண் அடியிற் படியும்வரை நீரை வடியவிடலாகாது.

4. ஆற்றங்கரையிலும் வாய்க்காற் கரையிலும் உள்ள புல்லையும் மரங்களையும் அழித்தலாகாது.

5. பெருமழை வருமெனத் தோன்றும்போது பசளை இடுதலைத் தவிர்த்தல் வேண்டும்.

இவை முதலிற் காப்பது உங்கள் நிலத்தின் மேல்மண்ணையும் நீங்கள் பணங்கொடுத்து வாங்கிய பசளையையுமே. அவை வயலில் நிற்குமாயின் நெல்லும் மரக்கறியும் செழிக்கும். கடலில் முருகைக்கற்பாரும், அங்கே மீன்பிடித்துப் பிழைப்போரும் நன்மை பெறுவர்.