விடியுமுன் வேலைக்குச் செல்வோருக்கு ஏற்ற ஸ்கோன்

பால்மரம் வெட்டுவோரின் நாள் ஏனைய தொழிலாளரின் நாளினும் முந்தித் தொடங்குகிறது. மரப்பட்டையினுள் இருக்கும் பால் குழாய்களில் அழுத்தம் மிகுந்திருப்பது கதிரவன் எழுவதற்கு முற்பட்ட குளிர்ந்த வேளையிலேதான். வெயில் ஏறியபின் மரம் தன் நீரை இலைகளின் வழியே இழக்க, அழுத்தம் குறைந்து பாலும் குறைகின்றது. ஆகவேதான் தலையில் விளக்கைக் கட்டிக்கொண்டு இருளிலேயே நிரைக்குப் போக வேண்டியிருக்கிறது. மரத்திற்கு உகந்த இந்நேரம் மனிதரின் வயிற்றுக்கு உகந்ததன்று. பாலில்லாக் காப்பி ஒரு கோப்பை, கிடைத்தால் இரண்டு பிஸ்கட், அவ்வளவோடு புறப்பட்டு, முற்பகல் வரையில் நூற்றுக்கணக்கான மரங்களைச் சுற்றி வருவோர் பலர்.

அதிகாலை நான்கு மணிக்கு எழுந்து தோசை வார்த்தும் சோறு வடித்தும் கொடுக்கும் தாய்மார்களும் இருக்கிறார்கள். ஆனால் அவர்களே கத்தியை எடுத்துக்கொண்டு நிரைக்குச் செல்பவர்களாயும் இருக்கும்போது, உறக்கத்தில் ஒரு மணி நேரத்தை அவர்களிடமிருந்து பறித்துத்தான் குடும்பம் பசியாறுகிறது. முதல் நாள் மாலையிலேயே செய்து வைக்கத்தக்கதாயும், கையில் எடுத்துச் செல்லத்தக்கதாயும், கறியும் குழம்பும் வேண்டாததாயும், வயிற்றில் சில மணி நேரம் நிற்பதாயும் உள்ள ஓர் உணவு இவ்வீடுகளுக்குத் தேவை. பழமும் கடலையும் சேர்த்துச் சுடப்படும் ஸ்கோன் என்னும் தடித்த ரொட்டி இத்தேவைக்கு நன்கு பொருந்துவதால், அதனைச் செய்யும் முறையை இங்கே விளக்குகிறோம்.

ஸ்கோன் என்றதும், அது துரைமார் பங்களாவில் மாலைத் தேநீருடன் பரிமாறப்பட்ட பண்டமாயிற்றே என்று முதியவர்கள் நினைக்கக்கூடும். இன்றும் கேமரன் மலையின் தேநீர் விடுதிகளில் ஸ்ட்ராபெரி ஜாமும் கிரீமும் வைத்து, சுற்றுலாப் பயணிகளுக்கு அது விற்கப்படுகிறது. ஆனால் அதன் பிறப்பிடம் பங்களா அன்று. ஸ்காட்லாந்து நாட்டின் எளிய உழவர் குடிசைகளில், ஓட்ஸ் மாவைப் பிசைந்து, வட்டமாகத் தட்டி, அடுப்பின்மேல் வைத்த இரும்புக் கல்லில் சுட்டு, நான்காக வெட்டித் தின்ற ரொட்டியே ஆதி ஸ்கோன். கேவின் டக்ளஸ் என்னும் ஸ்காட்லாந்துக் கவிஞர் 1513ஆம் ஆண்டில் முடித்த மொழிபெயர்ப்பு ஒன்றில் இச்சொல் காணப்படுகிறது. மலாயாத் தோட்டங்களுக்கு வந்த துரைமாரில் ஸ்காட்லாந்துக்காரர் பலர். அவர்கள் தம் ஊர் ஏழைகளின் உணவைத்தான் இங்கே பீங்கான் தட்டில் வைத்து உண்டார்கள் என்று சொன்னால் அது மிகையாகாது. நமது தோசைக்கல்லே அதற்கு உரிய பாத்திரம் என்பதும் இதனால் விளங்கும்.

ஓட்ஸ் ரொட்டி இன்றைய மெத்தென்ற ஸ்கோனாக மாறியது பேக்கிங் பவுடரின் வருகைக்குப் பின்னரே. இங்கிலாந்தின் பர்மிங்ஹாம் நகரில் மருந்துக்கடை வைத்திருந்த ஆல்ஃபிரட் பேர்ட் என்பவர், ஈஸ்ட் ஒத்துக்கொள்ளாத தம் மனைவிக்காக 1843இல் ஒரு பேக்கிங் பவுடரைத் தயாரித்தார். சோடா உப்பும் உலர்ந்த அமிலப் பொடியும் கலந்த கலவை அது. உலர்ந்திருக்கும்வரை இரண்டும் ஒன்றையொன்று தீண்டா. ஈரம் பட்டவுடன் கரியமிலவாயு கிளம்பி, மாவினுள் குமிழிகளாய்த் தங்கி, சூட்டில் விரிந்து ரொட்டியை உயர்த்துகிறது. இரப்பர்ப் பஞ்சு செய்வதிலும் இதே சோடா உப்பு வாயு உண்டாக்கும் பொருளாகப் பயன்பட்டு வந்துள்ளது என்பதைத் தோட்ட மக்கள் அறிந்தால் வியப்படைவார்கள்.

எட்டுத் துண்டுகளுக்குக் கால் கிலோ மாவு வேண்டும். கெட்டிப்பால் டின்னால் அளந்தால் ஏறத்தாழ ஒன்றரை டின். பாதி சாதாரணக் கோதுமை மாவாகவும் பாதி ஆட்டா மாவாகவும் இருப்பது நன்று. வெள்ளை மாவு மென்மையைத் தரும். ஆட்டா தவிட்டையும் அதனால் வரும் நிறைவையும் தரும். பேக்கிங் பவுடர் மூன்று தேக்கரண்டி, உப்பு அரைத் தேக்கரண்டி, சீனி இரண்டு மேசைக்கரண்டி, மார்ஜரின் அல்லது வெண்ணெய் 60 கிராம், ஒரு முட்டை, பால் ஏறத்தாழ 100 மில்லிலிட்டர். தானே உப்பும் மாவு எனக் கடைகளில் விற்கப்படுவதை வாங்கினால் பேக்கிங் பவுடரைக் குறைத்துக்கொள்ள வேண்டும். இவற்றோடு வறுத்த நிலக்கடலை 50 கிராம், உலர்ந்த திராட்சை அல்லது விதை நீக்கி நறுக்கிய பேரீச்சம்பழம் 50 கிராம். அன்னாசி போன்ற நீர் மிகுந்த பழங்கள் இதற்கு ஆகா, மாவு குழைந்துவிடும். நன்கு பழுத்த வாழைப்பழம் ஒன்றை மசித்துச் சேர்க்கலாம். அப்போது பாலில் பாதியையும் சீனி முழுவதையும் விட்டுவிடலாம். நம் கருத்தில் இதுவே சுவையிலும் செலவிலும் சிறந்தது.

பேக்கிங் பவுடர் டின் பல நாளாய்த் திறந்து கிடந்திருந்தால், ஒரு தேக்கரண்டிப் பொடியைச் சுடுநீரில் இட்டுப் பாருங்கள். பொங்கி நுரைத்தால் நல்லது. சும்மா கிடந்தால் நமது நாட்டின் ஈரக்காற்று அதன் வீரியத்தைப் போக்கிவிட்டது என்று பொருள். பவுடர் இல்லாத வீட்டில் அரைத் தேக்கரண்டிச் சோடா உப்பைப் போட்டு, முட்டைக்கும் பாலுக்கும் மாற்றாக 150 மில்லிலிட்டர் புளித்த மோரை ஊற்றலாம். மோரின் புளிப்பே அமிலத்தின் வேலையைச் செய்யும். புளிப்பின்றிச் சோடாவை மட்டும் போட்டால் ரொட்டி மஞ்சளித்துச் சவர்க்காரச் சுவை அடையும். பாலை உறைய வைக்கத் திராவகத்தை அளவோடு விடத் தெரிந்த தொழிலாளிக்கு இக்கணக்கு புதிதன்று.

இனிச் செய்முறை. திராட்சையைப் பத்து நிமிடம் வெதுவெதுப்பான தேநீரில் ஊறவைத்துப் பிழிந்து கொள்ளவும். ஊறாத திராட்சை ரொட்டியின் ஈரத்தை உறிஞ்சுவதோடு மேற்புறத்தில் கருகியும் போகும். கடலையை வெறும் சட்டியில் வறுத்து, தோலை ஊதிவிட்டு, ஒன்றிரண்டாக இடிக்கவும். மாவு, பேக்கிங் பவுடர், உப்பு, சீனி ஆகியவற்றை ஒன்றாய்ச் சலித்து, குளிர்ந்த மார்ஜரினைத் துண்டுகளாக்கிப் போட்டு, விரல் நுனிகளால் தேய்க்க வேண்டும். உள்ளங்கை படக்கூடாது, அதன் சூடு கொழுப்பை உருக்கிவிடும். மாவு புட்டு மாவைப்போல் உதிரியாகும்வரை தேய்த்தால் போதும்.

இத்தேய்ப்பின் நோக்கத்தை அறிந்துகொண்டால் தவறு நேராது. கோதுமையில் குளுட்டன் என்னும் புரதம் உண்டாகிறது. மாவில் நீர் சேர்ந்து பிசையப் பிசைய அது இரப்பரைப்போல் இழுபடும் தன்மை பெறுகிறது. ரொட்டி சானாய்க்கு அவ்விழுவை வேண்டும். அதனால்தான் அதனைப் பிசைந்து, ஊறவைத்து, வீசுகிறார்கள். ஸ்கோனுக்கு அதுவே பகை. கொழுப்பு மாவுத் துகள்களைப் போர்த்திக்கொண்டால் நீர் எளிதில் உட்புகாது, இழுவை குறையும், ரொட்டி பொலபொலவென்று உதிரும். ஆகவே சப்பாத்திக்குப் பிசைந்து பழகிய கை இங்கே தன் வழக்கத்தை அடக்கிக்கொள்ள வேண்டும். கடலையையும் பழத்தையும் கலந்து, அடித்த முட்டையையும் பாலையும் நடுவில் ஊற்றி, ஒரு கத்தியால் கிளறி, மாவு ஒன்றாய்ச் சேர்ந்ததும் நிறுத்திவிடுங்கள். சற்றுக் கரடுமுரடாகவும் கையில் ஒட்டுவதாகவும் இருப்பதே சரியான பதம். உலர் மாவு அடியில் மிஞ்சினால் ஒரு கரண்டிப் பால் கூடுதலாய் விடலாம்.

மாவு தூவிய பலகையில் அதனை வட்டமாகத் தட்டி, எட்டு முக்கோணங்களாக வெட்டவும். மின்சார அடுமனைப் பெட்டி உள்ளவர்கள் ஓர் அங்குலக் கனமாகத் தட்டி, 220 பாகை வெப்பத்தில் 12 முதல் 15 நிமிடம் சுட்டால் வேலை முடிந்தது.

பெட்டி இல்லாதோர் அரை அங்குலத்திற்குச் சற்று மேற்பட்ட கனமே வைக்க வேண்டும். கனமான இரும்புத் தோசைக்கல்லைச் சிறு தீயில் ஐந்து நிமிடம் காயவிட்டு, ஒரு சிட்டிகை மாவைத் தூவிப் பாருங்கள். மாவு மெல்ல மெல்லப் பொன்னிறமானால் சூடு சரி. உடனே கருகினால் தீயைத் தணிக்கவும். எண்ணெய் தடவாமல் துண்டுகளை இடைவெளிவிட்டு அடுக்கி, மேலே ஒரு சட்டியைக் கவிழ்த்து, பக்கத்திற்கு எட்டு அல்லது பத்து நிமிடம் வேகவிட வேண்டும். அவசரம் இங்கே ஆகாது. நடுத்துண்டு ஒன்றைப் பிட்டுப் பார்த்து, உள்ளே பச்சை மாவு ஒட்டினால் இன்னும் சில நிமிடம் வைக்கலாம். விறகடுப்பு உள்ளவர்கள், மலாய்க்காரர் பஹுலு சுடும் பழைய முறையில், மூடியின்மேல் சிறிது தணலைப் பரப்பினால் மேற்புறமும் சிவக்கும்.

எட்டில் ஒரு துண்டில் ஏறத்தாழ ஆறு கிராம் புரதம் அமையும். ஆகவே இரண்டு துண்டு தின்றவர் இரண்டு முட்டையின் புரதத்தைப் பெற்றவராவார். நிலக்கடலையின் எடையில் நான்கில் ஒரு பங்கு புரதமும் ஏறத்தாழப் பாதி கொழுப்புமாய் இருப்பதே, இந்த ரொட்டி வெறும் பிஸ்கட்டைப் போல் விரைவில் பசியெடுக்க விடாமைக்குக் காரணம்.

கடலையைப் பற்றி ஓர் எச்சரிக்கை அவசியம். ஈரம் பட்டுப் பூசணம் பிடித்த கடலையில் அஃப்லாடாக்சின் என்னும் நஞ்சு உண்டாகலாம். வறுத்தாலும் சுட்டாலும் அது முற்றிலும் நீங்காது. 1988ஆம் ஆண்டில் பேராக் மாநிலத்தில் ஒருவகை மீ உண்ட 13 குழந்தைகள் ஈரல் பாதிக்கப்பட்டு இறந்தபோது, அவர்களின் உடலுறுப்புகளில் இந்நஞ்சு கண்டறியப்பட்டது. ஆதலால் நிறம் மாறிய, சுருங்கிய, கசக்கும் கடலையைத் தயங்காமல் எறிந்துவிடுங்கள்; பூசணத்தைத் துடைத்துவிட்டுப் பயன்படுத்துதல் கூடாது. கொட்டைதானே என்று பிள்ளைகள் பொறுக்கிவரும் இரப்பர் விதையைச் சேர்ப்பதும் ஆகாது. பச்சையான இரப்பர்ப் பருப்பில் சயனைடு நஞ்சைப் பிறப்பிக்கும் பொருள் இருக்கிறது. கடலை தின்றால் உடம்பு தடிப்பவருக்கும் மூச்சுத் திணறுபவருக்கும் கடலையின்றியே சுட்டுக் கொடுக்கவேண்டும். சிறு குழந்தைகளுக்குக் கடலையை மாவாகப் பொடித்துச் சேர்த்தால் தொண்டையில் சிக்கும் அபாயம் இராது.

சீனியின் அளவைக் குறைவாய்ச் சொன்னதற்கும் காரணம் உண்டு. 2019ஆம் ஆண்டின் தேசிய சுகாதார ஆய்வில், மலேசியாவின் வயது வந்தோரில் 18.3 விழுக்காட்டினருக்கு நீரிழிவு இருப்பது தெரியவந்தது. இந்தியரிடையே அவ்விகிதம் ஏனையோரினும் மிகுதி. மேற்கண்ட அளவில் துண்டு ஒன்றுக்குச் சேரும் சீனி மூன்று கிராம் மட்டுமே. பாலுக்கு மாற்றாகக் கெட்டிப்பாலையோ இனிப்புக் கிரீமரையோ ஊற்றினால் இக்கணக்கு தவறிவிடும். அவற்றில் ஏறத்தாழப் பாதி சீனியே. நீரிழிவு உள்ளவர்கள் ஒரு துண்டோடு நிறுத்தி, அவித்த முட்டை ஒன்றைச் சேர்த்துக்கொள்வது நலம். மாவும் உடலில் சர்க்கரையாகவே மாறுகிறது என்பதை அவர்கள் நினைவில் வைக்க வேண்டும். அதற்காக ஒன்றும் உண்ணாமல் புறப்படுவதும் தகாது. இன்சுலின் போட்டுக்கொண்டோ, சிலவகை நீரிழிவு மாத்திரைகளை உட்கொண்டோ வெறும் வயிற்றோடு வேலைக்குச் செல்பவருக்குச் சர்க்கரை அளவு திடீரெனத் தாழ்ந்து மயக்கம் வரலாம். இருளில், நிரையில், தனியே நிற்கும்போது அது எத்தகைய ஆபத்து என்பதைச் சொல்ல வேண்டியதில்லை. எவ்வளவு உண்பது, எப்போது மருந்து எடுப்பது என்பதை அரசாங்க சுகாதார நிலையத்தில் கேட்டுத் தெரிந்துகொள்ளுங்கள்.

சுட்ட ஸ்கோனைச் சூடாக மூடி வைத்தால் நீர் கோத்துக்கொள்ளும். நன்கு ஆறியபின், காற்றுப் புகாத டின்னில் இட்டால் மறுநாள் முழுதும் கெடாது. நமது தட்பவெப்பத்தில் அதற்குமேல் வெளியே வைப்பது சரியன்று. குளிர்பதனப் பெட்டி இருந்தால் வாரத்திற்கு இருமுறை சுட்டு உறைய வைக்கலாம். இரவில் எடுத்து வெளியே வைத்தால் காலையில் பதமாகியிருக்கும். பள்ளிப் பிள்ளைகளுக்கு இரண்டாகப் பிளந்து, தோசைக்கல்லில் இரண்டு நிமிடம் வாட்டிக் கொடுங்கள். நிரைக்குக் கொண்டுபோவோர் சுத்தமான துணியில் சுற்றி, மூடியுள்ள டப்பாவில் வைத்துக்கொள்வது நல்லது. வெட்டு முடிந்து பால் வடியும் நேரத்தில், கையைக் கழுவிக்கொண்டு மீதித் துண்டை உண்ணலாம்.