முன்ஜாமீன் தள்ளுபடி ஆயிடுச்சா? அடுத்து என்ன?



செவிலிமேடு பக்கம் கூட்டத்துக்குப் போனால், கடன் கணக்கு முடிந்ததும் யாராவது மெதுவாக வழக்குப் பேச்சை எடுப்பார்கள். பாவும் சரிகையும் வாங்கிக்கொண்டு சேலை தரவில்லை என்று முதலாளி கொடுத்த புகார். மருமகள் கொடுத்த வரதட்சணைப் புகாரில் மாமியார், நாத்தனார் பெயர். குழுப் பணத்தைக் கையாடினார் என்று தலைவி மேல் புகார். "முன்ஜாமீன் கேட்டோம்க்கா, கோர்ட்டு தள்ளிடுச்சு. இனிமே ஜெயில்தானா?" என்று கேட்கிறார்கள்.

ஜெயில்தான் என்று இல்லை. மனு தள்ளுபடி ஆனால் குற்றம் நிரூபணம் ஆகிவிட்டது என்றும் அர்த்தம் இல்லை. கைதுக்கு முன்னால் பாதுகாப்பு தருவதா வேண்டாமா என்பது மட்டும்தான் அங்கே கேள்வி.

முன்பு குற்றவியல் நடைமுறைச் சட்டம் 438-வது பிரிவில் இருந்த முன்ஜாமீன், 2024 ஜூலை 1 முதல் புதிய சட்டத்தில் 482-வது பிரிவாக இருக்கிறது. இந்தப் பிரிவு செஷன்ஸ் கோர்ட்டுக்கும் ஹைகோர்ட்டுக்கும் ஒரே அதிகாரத்தைக் கொடுக்கிறது. அதனால் காஞ்சிபுரம் செஷன்ஸ் கோர்ட்டில் தள்ளுபடி ஆனால், சென்னை ஹைகோர்ட்டில் அதே பிரிவில் புதிதாக மனு போடலாம். எல்லோரும் இதை 'அப்பீல்' என்கிறோம், சட்டப்படி அது அப்பீல் இல்லை. ஹைகோர்ட்டும் மறுத்தால், அரசியலமைப்புச் சட்டம் 136-வது பிரிவில் சுப்ரீம் கோர்ட்டுக்குச் சிறப்பு அனுமதி மனு போடலாம். செலவு அதிகம், எடுத்துக்கொள்வார்களா என்பதும் அவர்கள் விருப்பம்.

புது மனுவில் பழைய மனு தள்ளுபடியானதைக் கட்டாயம் சொல்ல வேண்டும். மறைத்தால் அதுவே வினையாகும். தள்ளுபடி உத்தரவின் நகலை வாங்கி, எந்தக் காரணத்துக்காகத் தள்ளினார்கள் என்று வக்கீலைத் தமிழில் சொல்லச் சொல்லுங்கள். "பணம் எங்கே போச்சுன்னு விசாரிக்கணும்" என்பது காரணம் என்றால், பாஸ்புக்கும் தீர்மான நோட்டும்தான் பதில். "சாட்சியை மிரட்டுவார்" என்பது காரணம் என்றால் பதில் வேறு. அதே மனுவை வரி மாறாமல் திரும்பப் போடுவது வீண் செலவு.

ஆபத்து இடைப்பட்ட நாட்களில்தான். ஒரு மனு தள்ளுபடியாகி அடுத்த கோர்ட்டில் உத்தரவு வரும்வரை போலீஸ் கைது செய்யலாம். தள்ளுபடி செய்துவிட்டு 90 நாள் கைது கூடாது என்று அலகாபாத் ஹைகோர்ட் சொன்னதை 2021-ல் சுப்ரீம் கோர்ட் ரத்து செய்தது. மிக அவசியமான நிலையில், காரணம் எழுதி, குறுகிய அவகாசம் மட்டும் தரலாம் என்றது. அதனால் மறுநாளே வக்கீலைப் பாருங்கள்.

பாலாத்துப் பாலம் தாண்டி வந்தவாசி பக்கம் சொந்தக்காரர் வீட்டில் ஒளிந்துகொள்வது மட்டும் வேண்டாம். தலைமறைவுக் குற்றவாளி என்று கோர்ட் அறிவித்துவிட்டால் முன்ஜாமீன் கிடைப்பது ரொம்பக் கஷ்டம்.

இன்னொன்றும் தெரிந்திருக்க வேண்டும். ஏழு வருஷம் வரை தண்டனை உள்ள குற்றங்களில் உடனே கைது தேவையில்லை, தேவை இருந்தால் காரணம் எழுத வேண்டும் என்று 2014-ல் அர்னேஷ் குமார் வழக்கில் சுப்ரீம் கோர்ட் சொன்னது. கைது தேவையில்லை என்றால் ஆஜராகச் சொல்லி நோட்டீஸ் தருவார்கள். நோட்டீஸ் வந்தால் போய் ஆஜராகி, கையெழுத்துப் போட்ட நகலைப் பத்திரமாக வையுங்கள். மேலே சொன்ன மூன்று புகாரும் பெரும்பாலும் இந்த வகைதான். பெண்களைச் சூரியன் மறைந்த பிறகு, விடிவதற்கு முன் கைது செய்யக்கூடாது. தவிர்க்க முடியாத நிலையில் மாஜிஸ்திரேட்டின் அனுமதி வாங்கி, பெண் போலீஸ் அதிகாரிதான் செய்ய வேண்டும்.

கைதே ஆகிவிட்டாலும் சாதாரண ஜாமீன் இருக்கிறது. நம் ஊரே பார்த்த வழக்கு 2004 சங்கரராமன் கொலை வழக்கு. அதில் கைதான சங்கராச்சாரியார் ஜெயேந்திரருக்கு ஹைகோர்ட் ஜாமீன் மறுத்தது, 2005 ஜனவரி 10-ல் சுப்ரீம் கோர்ட் கொடுத்தது. அதோடு வழக்கு முடியவில்லை. 2013 நவம்பரில்தான் புதுச்சேரி கோர்ட் எல்லோரையும் விடுதலை செய்தது. ஜாமீன் வேறு, தீர்ப்பு வேறு.

இது புகார் கொடுத்த சகோதரிக்கும் பொருந்தும். கணவருக்கு முன்ஜாமீன் கிடைத்துவிட்டால் உங்கள் புகார் பொய் என்று ஆகாது. மனு விசாரணைக்கு வரும்போது உங்கள் தரப்பையும் சொல்லலாம். நிபந்தனையை மீறி அவர் மிரட்டினால் ரத்து செய்யக் கேட்கலாம்.

எஸ்.சி., எஸ்.டி. வன்கொடுமைச் சட்ட வழக்கில் பொதுவாக முன்ஜாமீனே கிடையாது. முன்ஜாமீன் வாங்கித் தருகிறேன் என்று பணம் கேட்பவர்களிடம் முதலில் எந்தப் பிரிவு என்று கேளுங்கள்.

வக்கீலுக்குப் பணம் இல்லையே என்று கம்மலை அடகு வைக்க வேண்டாம். 1987 சட்டப் பணிகள் ஆணைக்குழுச் சட்டப்படி பெண்களுக்கு, வருமானம் எவ்வளவு இருந்தாலும், வக்கீல் இலவசம். செஷன்ஸ் கோர்ட்டுக்கு மாவட்டச் சட்டப் பணிகள் ஆணைக்குழு, ஹைகோர்ட்டுக்கு அங்கேயே உள்ள சட்டப் பணிகள் குழு. 15100-க்குப் போன் செய்தாலும் வழி சொல்வார்கள். போகும்போது எஃப்.ஐ.ஆர். நகல், தள்ளுபடி உத்தரவு, ஆதார், குழு நோட்டின் ஜெராக்ஸ் எடுத்துப் போங்கள். நோட்டின் ஒரிஜினலை யாரிடமும் கொடுத்துவிட்டு வராதீர்கள்.